கொமாகி சான் வரைந்த சமையலறை

1

போன மாதம் எங்கள் வீட்டுச் சமையலறை ஒரு படத்தில் வந்தது. அனிமேஷன் படம். ஊரில் இருக்கிற அக்காவிடம் போனில் சொன்னபோது, "கார்ட்டூன்லயா?" என்று ஒரே ஒரு வார்த்தை கேட்டுவிட்டு, பக்கத்து வீட்டில் போர்வெல் போட்ட கதைக்குப் போய்விட்டாள். அவளைக் குறை சொல்ல மாட்டேன். நாங்கள் கோபிசெட்டிபாளையத்துக்காரர்கள். எங்கள் பக்கம் வயலும் வாய்க்காலும் இருப்பதால் சினிமாக்காரர்கள் வந்த வண்ணம் இருப்பார்கள். பள்ளிக்கூடம் விட்டு வருகிற வழியில் கதாநாயகி குடைக்குக் கீழே உட்கார்ந்து இளநீர் குடிப்பதை நின்று பார்த்துவிட்டு, பசிக்கிறது என்று வீட்டுக்கு நடையைக் கட்டுகிற பிள்ளைகளாகத்தான் வளர்ந்தோம்.

ஒரு தடவை எங்கள் சித்தி வீட்டையே ஷூட்டிங்குக்குக் கேட்டார்கள். சித்திக்குத் தலைகால் புரியவில்லை. சுவருக்கு வெள்ளையடித்து, ஜன்னலுக்குப் பெயின்ட் அடித்து, வாசலில் பெரிய கோலமாகப் போட்டு வைத்தாள். ஆர்ட் டிபார்ட்மென்ட் என்று வந்தவர்கள் முதல் வேலையாக உள்ளே இருந்ததையெல்லாம் வெளியே தூக்கி வைத்தார்கள். பீரோ, டிவி, பிளாஸ்டிக் நாற்காலி, துணி காயப்போடுகிற கொடி என்று எல்லாம் மாட்டுக்கொட்டகைக்குப் போயின. பதிலுக்கு ஒரு ஊஞ்சல் வந்தது, பித்தளை அண்டாக்கள் வந்தன, முன்பின் தெரியாத ஒரு பெரியவரின் போட்டோ சந்தன மாலையோடு சுவரில் ஏறியது. படம் வந்ததும் குடும்பத்தோடு போனோம். இடைவேளை வரைக்கும் சித்தி "நம்ம ஊடு எப்ப வரும்?" என்று கேட்டுக்கொண்டே இருந்தாள். அது முதல் பாட்டிலேயே வந்து போயிருந்தது.

அதிலிருந்து நான் கற்றுக்கொண்டது, சினிமாவுக்கு வேண்டியது நம் சுவர்தான், சாமான் இல்லை என்பது. இந்தப் பாடத்தைப் பத்திரமாக அமெரிக்காவில் இந்த ஃப்ரீமான்ட் வரை கொண்டுவந்திருந்ததால், ஒரு நல்ல மனிதரின் வேலைக்கே உலை வைக்கப் பார்த்தேன்.

2

இங்கே நான் என்ன வேலை பார்க்கிறேன் என்பதை ஊரில் யாருக்கும் புரியும்படி இதுவரை சொன்னதில்லை. ஒரு அனிமேஷன் கம்பெனியில் புரொடக்‌ஷன் கோஆர்டினேட்டர். படம் வரைகிறவர்களிடம் போய் முடிந்துவிட்டதா, எப்போது முடியும் என்று கேட்டுக்கொண்டே இருப்பதற்குச் சம்பளம். கணவர் செந்திலின் வாலைப் பிடித்துக்கொண்டு ஹெச்-4 விசாவில் வந்து, வேலை பார்க்க அனுமதி இல்லாமல் வருடக்கணக்கில் வீட்டில் இருந்து, கிரீன் கார்டு கிடைத்த பிறகு தேடிக்கொண்டது. மகள் யாழினியிடம் தினமும் இதையே கேட்டுப் பழகியிருந்ததால் வேலை சுலபமாக வந்தது.

கொமாகி சான் ஜப்பானிலிருந்து எங்கள் கம்பெனிக்கு வந்தபோது அவருக்கு ஐம்பது தாண்டியிருந்தது. 'சான்' என்பது நாம் பெயருக்குப் பின்னால் 'அவர்கள்' போடுவதைப் போல, ஆனால் அவ்வளவு விறைப்பு இல்லாதது. சாயங்காலம் கிளம்பும்போது நான் பழக்க தோஷத்தில் "போயிட்டு வர்றேன்" என்பதை அப்படியே ஆங்கிலத்தில் சொல்லிவிடுவேன். மற்றவர்கள் இன்றைக்கே திரும்பி வருவேனா என்று பார்ப்பார்கள். கொமாகி சான் ஒருவர்தான் தலையைக் குனிந்து ஏற்றுக்கொண்டார். அவர்கள் ஊரிலும் வீட்டை விட்டுக் கிளம்பும்போது அப்படித்தான் சொல்வார்களாம். எங்கள் சிநேகம் அங்கே ஆரம்பித்தது. அவருடைய ஆங்கிலத்தையும் என்னுடையதையும் சேர்த்தால் ஒரு முழு ஆங்கிலம் தேறும் என்று செந்தில் கிண்டல் செய்வார்.

அவர் வேலையைச் சொல்ல வேண்டும். அனிமேஷன் படத்தில் ஓடுகிற, அழுகிற ஆட்களை வரைகிறவர்கள் வேறு. அந்த ஆட்கள் நிற்கிற தெரு, வீடு, வானம், மதியம் சுவரில் எந்த நிறத்தில் வெயில் விழ வேண்டும் என்பதையெல்லாம் முடிவு செய்கிறவர் வேறு. ஜப்பானில் அவரைக் கலை இயக்குநர் என்கிறார்கள், இங்கே புரொடக்‌ஷன் டிசைனர். கொமாகி சான் ஒரு துறைமுக ஊரில் பஸ் டிரைவரின் மகன். ஓவியக் கல்லூரி நுழைவுத் தேர்வில் திரும்பத் திரும்பத் தோற்று, டோக்கியோவுக்குப் பக்கத்தில் பின்னணி மட்டும் வரைகிற ஒரு சின்னக் கம்பெனியில் சேர்ந்திருக்கிறார். ஆரம்பத்தில் வானம் மட்டும்தான் கொடுத்தார்களாம். காகிதத்தை நனைத்து, ஈரம் காய்வதற்குள் மேகத்தைப் போட்டு முடிக்க வேண்டும். பிறகு புல், பிறகு மரம், அதற்கும் பிறகுதான் வீடு. டிவி தொடர்களுக்குக் கலை இயக்குநராகி, கம்ப்யூட்டர் வந்ததும் அதையும் படித்து, பெரிய படங்களுக்குப் போனார். இத்தனை வருடங்களில் வேலைக்காக ஒரு மனிதரைக்கூட வரைந்ததில்லை என்றார். அது வேறு டிபார்ட்மென்ட்.

அவருக்குக் கிடைத்த விசா அசாதாரணத் திறமை உள்ளவர்களுக்கானது. அதற்கு, நான் அசாதாரணமானவன் என்று தானே நிரூபிக்க வேண்டும். புதுப்பிக்கிற நேரத்தில் வக்கீல் அவரைப் பற்றி அவரையே எழுதச் சொன்னார். கொமாகி சான் நாள் முழுக்க யோசித்து, தான் பெரும்பாலும் வானம் வரைந்ததாகவும், தன்னைவிட நன்றாக வானம் வரைகிறவர்கள் இருவர் அதே அறையில் இருந்ததாகவும் எழுதிக் கொடுத்தார். வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். இமிக்ரேஷன் ஆங்கிலத்தில் எனக்குப் பழுத்த அனுபவம் உண்டு என்பதால் என்னை உட்காரவைத்தார்கள். நான் எழுதியதைப் படித்துப் பார்த்து, இது யார் என்று உண்மையாகவே கேட்டார்.

அவருக்கு இருந்தது ஒரே ஒரு ஆசை. இந்த நாட்டில் அவர் வேலை செய்த முதல் படத்தைப் பாதியில் நிறுத்திவிட்டார்கள். வரைந்ததெல்லாம் ஏதோ ஒரு சர்வரில் கிடக்கிறது, வெளியே காட்டினால் சட்டப்படி குற்றம். ஜப்பானில் அவர் பெயர் எப்போதும் கடைசியில், ஜனங்கள் எழுந்து கதவுப் பக்கம் போகும்போது ஓடும். ஒரு மதியம் சாப்பிடும்போது சொன்னார்: "ஆரம்பத்திலிருந்து முடிவு வரை நான் டிசைன் செய்த ஒரு படம், ஒன்றே ஒன்று, வெளியே வர வேண்டும். பிறகு ஊருக்குப் போய்விடுவேன்."

3

எங்களுடைய படம் கலிஃபோர்னியாவில் குடியேறிய ஒரு குடும்பத்தைப் பற்றியது. எந்த நாட்டிலிருந்து வந்தவர்கள் என்று சொல்லப்போவதில்லை. அம்மாவும் மகளும். ஒருவரோடு ஒருவர் பேசுவது குறைந்துகொண்டே போகிறது. முக்கால்வாசிப் படம் சமையலறையில்தான் நடக்கிறது. கொமாகி சான் சமையலறையை வரைந்து காட்டினார். அழகாக இருந்தது, ஜன்னல் வெளிச்சம் தொட்டால் சுடும்போல இருந்தது. இயக்குநர் அமெரிக்கப் பெண்மணி, கனிவானவர். பார்த்துவிட்டு, "அழகு. ஆனால் இங்கே யாரும் குடியிருக்கவில்லை" என்றார். மாற்றி வரைந்தார். அதற்கும் அதே பதில். அதற்கடுத்த தடவையும் அதேதான்.

மீட்டிங்குகளுக்கு நேரம் ஒதுக்குவது என் வேலை என்பதால் யாருக்கும் தெரியாதது எனக்குத் தெரிந்தது. அடுத்த மாதத்தில் வேறொரு டிசைனருடன் பேச நேரம் கேட்டிருந்தார்கள். அடுத்த தடவையும் சமையலறை சரியாக வராவிட்டால் கொமாகி சானை மாற்றிவிடுவார்கள். வேலை போனால் அதோடு ஒட்டிய விசாவும் போகும், கொஞ்ச நாளில் மூட்டை கட்ட வேண்டியதுதான். படம் வெளியே வரும், ஆனால் அவருடையதாக இருக்காது. நான் அவரிடம் சொல்லவில்லை. அவருக்கே தெரிந்திருந்தது.

அவர் ஓரறை அபார்ட்மென்ட்டில் தனியாக இருந்தார். ஒரு ரைஸ் குக்கர், ஒரு பாத்திரம். ஜப்பானில் ஒரு படத்தை ஆரம்பிக்கும் முன் ஊர் ஊராக நடப்பாராம். கோயிலையும் கோபுரத்தையும் படம் எடுக்கிறவர்கள் எடுக்கட்டும், இவர் தண்ணீர் மீட்டரையும், கடையின் பின்பக்கத்தையும், மாடிப்படிக்கு அடியில் சொருகியிருக்கிற குடைகளையும் எடுப்பார். இங்கே வீட்டுக்குள் போய்ப் பார்க்க அவருக்கு யாரையும் தெரியாது. ஒரு வியாழக்கிழமை மிகவும் தயங்கி, சனிக்கிழமை எங்கள் வீட்டுச் சமையலறையைப் பார்க்க வரலாமா என்று கேட்டார். தாராளமாக வாருங்கள் என்றேன்.

4

ஊரில் இருக்கிற உங்களுக்கு அடுத்து நடந்ததை விளக்க வேண்டியதில்லை. வீட்டுக்கு ஆள் வருகிறார்கள் என்றால் நாம் என்ன செய்வோமோ அதைச் செய்தேன், கொஞ்சம் கூடுதலாக. வெள்ளிக்கிழமை வேலையிலிருந்து வந்ததுமே கிரைண்டரை எடுக்கச் சொன்னேன்.

"ஏனுங்க, இதக் கொண்டுபோய் கராஜ்ல வச்சிருங்க."

"அந்த மனுசன் வீட்டப் பாக்கத்தான வர்றாரு?" என்றார் செந்தில்.

"வீட்டப் பாக்க வர்றாரு. குப்பையப் பாக்கவா வர்றாரு?"

கிரைண்டர் போனது. குக்கர், அஞ்சறைப் பெட்டி, கழுவிச் சேர்த்து வைத்த தயிர் டப்பாக்கள், பைக்குள் பையாகத் திணித்த கேரிபேக் மூட்டை, மவ்ரி அவென்யூ இந்தியக் கடையில் கொடுத்த காலண்டர், ஜன்னலோரம் இருந்த கறிவேப்பிலைத் தொட்டி, எல்லாம் போயின. எங்கள் வீட்டு ஓவனில் வாணலிகளும் தோசைக்கல்லும்தான் இருக்கும், டிஷ்வாஷர் கழுவின பாத்திரத்தைக் கவிழ்த்து வைக்கிற கூடை. இரண்டையும் காலி செய்தேன். விற்பனைக்கு இருக்கிற வீடுகளில் பார்த்ததுபோல மேடை நடுவில் ஒரு கண்ணாடிக் கிண்ணம் வைத்து எலுமிச்சம்பழம் நிரப்பினேன். மாட்டுக்கொட்டகைதான் இல்லையே தவிர, சித்தி வீட்டை அப்படியே செய்து முடித்திருந்தேன். எனக்கு அப்போது அது உறைக்கவில்லை, பெருமையாகத்தான் இருந்தது.

கொமாகி சான் ஒரு பெட்டி பிஸ்கட்டோடு வந்தார். சமையலறை வாசலில் நின்றார். எலுமிச்சம்பழத்தைப் பார்த்தார். சின்ன நோட்டை எடுத்து, மரியாதைக்காக ஜன்னலை வரைந்தார். மிகவும் சுத்தமாக இருக்கிறது என்று சொல்லிப் பலமுறை தலை குனிந்தார். முகம் வாடியிருந்தது எனக்கே தெரிந்தது, காரணம்தான் தெரியவில்லை.

யாழினிக்கு அப்போது பதினாறு வயது. நாங்கள் தமிழில் கேட்டால் ஆங்கிலத்தில் பதில் வரும், அதுவும் பாதி நாள் வராது. தட்டை எடுத்துக்கொண்டு அறைக்குப் போய்விடுவாள், இல்லாவிட்டால் ஜன்னலோர ஸ்டூலில் போனைப் பார்த்தபடி சாப்பிட்டுவிட்டுத் தட்டை அங்கேயே விட்டுப் போய்விடுவாள். "தட்ட சிங்க்ல போடு கண்ணு" என்பதுதான் அந்த வருடங்களில் நான் அவளிடம் அதிகம் பேசிய வாக்கியம். அன்றைக்குத் தண்ணீர் குடிக்க இறங்கி வந்தவள் எங்கள் மூவரையும் பார்த்தாள். எல்லாம் கராஜில் இருக்கிறது என்று அவரிடம் ஆங்கிலத்தில் போட்டு உடைத்துவிட்டாள்.

கராஜைப் பார்க்கலாமா என்று கேட்டார். எனக்கு மானம் போனது. அவர் காருக்குப் பின்னால் குவிந்திருந்த சாமான்களுக்கு நடுவில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, குழந்தை மாதிரி ஒவ்வொன்றையும் தொட்டுப் பார்த்தார். எது எங்கே இருக்கும் என்று கேட்டார். திருப்பி எடுத்து வைத்தோம். ஆனால் நான் வைத்தபோது எல்லாம் வரிசையாக, பொம்மைக் கொலு மாதிரி வந்து உட்கார்ந்தன. கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "நீங்கள் சமையுங்கள். நான் ஓரமாக இருக்கிறேன்" என்றார்.

சமைத்தேன். முருங்கைக்காய் சாம்பார், உருளைக்கிழங்கு வறுவல், ரசம். சமைக்க ஆரம்பித்ததும் கை அதன் வேலையைப் பார்த்தது. குக்கர் மூடி எங்கே போகுமோ அங்கே போனது. அஞ்சறைப் பெட்டி திறந்தபடியே கிடந்தது. பிடிதுணி தோளிலிருந்து ஓவன் கைப்பிடிக்கு வந்தது. எலுமிச்சம்பழக் கிண்ணம் இடைஞ்சலாக இருந்ததால் தள்ளித் தள்ளி ஃபிரிட்ஜ் தலைக்கு ஏறியது. கொமாகி சான் என்னை வரையவில்லை, நான் நகர்ந்த பிறகு அந்த இடத்தை வரைந்தார். யாழினி போகாமல் ஸ்டூலில் ஏறி உட்கார்ந்து அவர் வரைவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். போன் மாடி அறையிலேயே இருந்தது. அவள் அவ்வளவு நேரம் சமையலறையில் இருந்து பல மாதங்கள் ஆகியிருந்தன.

சாப்பாட்டில் கொமாகி சான் தட்டில் போட்டதையெல்லாம் சாப்பிட்டார். கறிவேப்பிலையையும் சாப்பிட்டார், காய்ந்த மிளகாயையும் சாப்பிட்டார், முருங்கைக்காயைத் தோலோடு மெல்ல ஆரம்பித்தார். செந்திலும் நானும் விருந்தாளியிடம் எப்படிச் சொல்வது என்று முழித்தோம். யாழினிதான் அவரைத் தடுத்தாள். இதையெல்லாம் சாப்பிடக் கூடாது, இப்படி என்று தன் தட்டைக் காட்டினாள். கறிவேப்பிலையை ஒரு ஓரத்தில் குவித்து, சப்பிய முருங்கைக்காயை அதற்குப் பக்கத்தில் அடுக்கி வைத்திருந்தாள். அவர் விழுந்து விழுந்து சிரித்தார், கண்ணில் மிளகாய்த் தண்ணீர்.

யாழினி வழக்கம்போலத் தட்டை ஜன்னலோரம் விட்டுவிட்டு மேலே போனாள். நான் வழக்கம்போல எடுக்கப் போனேன்.

"கொஞ்சம் இருக்கட்டும்" என்று கையைக் காட்டினார் கொமாகி சான்.

5

அடுத்த மீட்டிங்கில் அவர் காட்டிய படத்தை நானும் அப்போதுதான் முதல்முறை பார்த்தேன். எங்கள் வீடு என்று யாரும் சொல்ல முடியாது. ஜன்னல் வேறு, சுவர் வேறு, சாமி படம் இல்லை, கிரைண்டர் இருந்த இடத்தில் வேறு ஏதோ கனமான பொருள். ஓவனுக்குள் வாணலிகள் மட்டும் அப்படியே இருந்தன. டிசைனரை மாற்ற வேண்டும் என்று சொல்லிக்கொண்டிருந்த தயாரிப்பாளர், ஓவனில் ஏன் பாத்திரம், ஜனங்களுக்குப் புரியுமா என்று கேட்டார். இயக்குநர் அதைக் காதில் வாங்கவில்லை. ஜன்னலோரம் ஒரு தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். தட்டின் ஓரத்தில் ஏதோ இலைகளைக் குவித்து ஒதுக்கியிருந்தது. பக்கத்தில் ஸ்டூல் கொஞ்சம் திரும்பியிருந்தது.

"இது யாருடையது?" என்றார்.

"மகளுடையது. இப்போதுதான் எழுந்து போனாள்."

"அம்மா ஏன் எடுத்து வைக்கவில்லை?"

"அம்மா இன்னும் பார்க்கவில்லை" என்றார் கொமாகி சான்.

இயக்குநர் மறுபடி அந்தத் தட்டைப் பார்த்தார். பிறகு சரி என்றார். மீட்டிங்கில் யார் என்ன சொன்னார்கள் என்று குறித்துக்கொள்ள வேண்டியது நான். சமையலறை, ஓகே என்று எழுதினேன். மத்தியானம் அடுத்த மாதக் காலண்டரிலிருந்து அந்த இன்னொரு டிசைனரின் பெயரை எடுத்துவிடச் சொன்னார்கள், எடுத்தேன். வீட்டில் யாரிடமும் தட்டைப் பற்றிச் சொல்லவில்லை. சொன்னால், தட்டை சிங்க்கில் போடாதது எவ்வளவு நல்லதாகப் போயிற்று என்று ஆகிவிடும் அல்லவா.

6

அனிமேஷன் படம் வெளியே வர வருடங்கள் ஆகும். அதற்குள் யாழினி காலேஜுக்கு டெக்சாஸ் போய்விட்டாள். ஆஸ்டினில் இருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமை வீடியோ காலில் வருவாள், நாங்கள் தமிழில் கேட்போம், அவள் ஆங்கிலத்தில் சொல்வாள். செந்தில் சாப்பிட்ட தட்டைத் தானே கழுவிவிடுகிறார். சமையலறை மேடை காலையில் எப்படி வைக்கிறேனோ சாயங்காலம் நான் வரும்வரை அப்படியே இருக்கிறது. கேட்டது கிடைத்துவிட்டது என்று சொல்லலாம். அந்தச் சுத்தம் எனக்குப் பிடிக்கவில்லை.

படம் ஓடிடியில் வந்த சாயங்காலம் கம்பெனியில் விருந்து வைத்தார்கள். கொமாகி சான் அங்கே தலையைக் காட்டிவிட்டு எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டார். அடுத்த வாரம் டோக்கியோவுக்கு டிக்கெட், திரும்பி வருகிற யோசனை இல்லை. சாம்பார்தான் கேட்டார். இந்தத் தடவை கறிவேப்பிலையை ஒரு ஓரத்தில் குவித்து, முருங்கைக்காயைப் பக்கத்தில் அடுக்கினார். யாழினி அவள் அறையிலிருந்து வீடியோ காலில் இருந்தாள், டிஷ்யூ பெட்டியில் போனைச் சாய்த்து வைத்திருந்தேன். இரண்டு ஊரிலும் ஒரே நேரத்தில் படத்தைப் போட்டோம். அவளுக்குச் சில நொடிகள் தாமதமாக ஓடியது.

கொமாகி சானின் பெயர் ஆரம்பத்திலேயே, தனியாக, திரை முழுக்க வந்தது. செந்தில் கை தட்டினார். கொமாகி சான் சட்டைப் பித்தானைத் தடவிக்கொண்டிருந்தார். கண் கலங்கியிருந்தது. பிறகு படம் முழுக்க ஒரே குறைதான் சொல்லிக்கொண்டிருந்தார்: ஆட்கள் மறைக்கிறார்கள். வாழ்நாளெல்லாம் ஆளில்லாத இடங்களாக வரைந்தவர் அவர், அதில் மற்றவர்கள் ஆட்களைக் கொண்டுவந்து நிறுத்திவிடுகிறார்கள். சமையலறைக் காட்சியிலும் அதுதான் நடந்தது. அந்தப் பெண் ஸ்டூலில் சரியாகத் தட்டுக்கு முன்னால் உட்கார்ந்து அம்மாவோடு சண்டை போட்டாள். அவர் வேலையைக் காப்பாற்றிய தட்டு கண்ணிலேயே படவில்லை. கொமாகி சான் பெருமூச்சு விட்டார்.

பிறகு அந்தப் பெண் எழுந்து போனாள். கதவு சாத்தும் சத்தம். அம்மாவும் இல்லை, மகளும் இல்லை. திரும்பின ஸ்டூல், ஜன்னல் வெளிச்சம், ஓரத்தில் இலை ஒதுக்கிய தட்டு. வேறொன்றும் நடக்கவில்லை. காட்சி மாறிவிட்டது. எனக்கு அழுகை வந்தது, துடைத்துக்கொண்டேன்.

போனில் இன்னும் அந்தச் சண்டை கேட்டுக்கொண்டிருந்தது. அங்கேயும் கதவு சாத்தும் சத்தம் வந்தது. அதற்குப் பிறகு யாழினி தமிழில் பேசினாள்.

"அம்மா, அது என் தட்டு."

"ஆமா கண்ணு."

"சாரிம்மா. நான் சிங்க்ல போடவே இல்ல."

"இருக்கட்டும்" என்றேன்.